சங்கத்தின் மேல் ரிட் போடலாமா?

சட்டப் பாடம் (குழுக் கூட்டத்தில் ஒருவர் சத்தமாகப் படிக்க, மற்றவர்கள் கேட்கவும். நீளமாக இருந்தால் இரண்டு கூட்டமாகப் பிரித்துப் படிக்கலாம்.)



அனுமந்தன்பட்டியில் ஒரு குழுவின் கூட்டத்துக்குப் போயிருந்தேன். சந்தா வசூல் முடிந்தது, உள்கடன் பேசி முடித்தார்கள், தீர்மான நோட்டில் எல்லோரும் கையெழுத்தும் போட்டாகிவிட்டது. ஒரு அக்கா மட்டும் எழுந்திருக்காமல் உட்கார்ந்திருந்தார். கையில் மஞ்சள் பை. பைக்குள் ரசீதுகள்.

"சொசைட்டியில மூணு பவுன் செயினை வச்சேம்மா. வட்டியோட கட்டி முடிச்சிட்டேன். ரசீது இருக்கு. நகையைக் குடுங்கன்னா, உங்க வீட்டுக்காரர் பேர்ல பயிர்க்கடன் நிக்குது, அதைக் கட்டுனாத்தான் நகைங்கிறாங்க. நாலு மாசமா நடக்குறேன்."

இதோடு முடியவில்லை. அவருக்குத் தெரிந்த ஒருவர், "சொசைட்டின்னா கவர்மெண்ட்டுதானே, மதுரை ஹைகோர்ட்டுல ஒரு ரிட் போட்டா ஒரே வாரத்துல நகை வந்துரும்" என்று சொல்லி, செலவுக்கு எட்டாயிரம் ரூபாய் கேட்டிருக்கிறார். அந்த எட்டாயிரத்தைக் குழுவில் உள்கடனாகக் கேட்கத்தான் அக்கா காத்திருந்தார்.

"சொசைட்டி கவர்மெண்ட்டுதானே?" என்ற இந்த ஒரு கேள்விதான் இந்த மாதப் பாடம். இதற்குத் தப்பான பதிலை நம்பினால் எட்டாயிரமும் போகும், காலமும் போகும்.

ரிட் என்றால் என்ன என்று முதலில் பார்ப்போம். அரசும் அரசு அதிகாரியும் சட்டத்தை மீறினால், "இதைச் செய்", "இதைச் செய்யாதே", "நீ போட்ட உத்தரவு செல்லாது" என்று உயர்நீதிமன்றம் நேரடியாகக் கட்டளை போடலாம். அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவு அந்த அதிகாரத்தைத் தருகிறது. தேனி மாவட்டத்துக்காரர்களான நமக்கு அந்தக் கதவு மதுரையில் இருக்கிறது. 2004 ஜூலை மாதம் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறப்பதற்கு முன்னால் இதற்கெல்லாம் சென்னைக்கு ரயில் ஏற வேண்டியிருந்தது.

ஆனால் ரிட் எல்லோர் மேலும் போடுகிற வழக்கு அல்ல. பக்கத்து வீட்டுக்காரர் கைமாத்துப் பணத்தைத் திருப்பித் தராவிட்டால் ரிட் கிடையாது. எதிரில் நிற்பது அரசாக இருக்க வேண்டும். இல்லையென்றால் சட்டம் சுமத்திய பொதுக் கடமை ஒன்று அவர் தலையில் இருக்க வேண்டும்.

எது அரசு? அரசியல் சட்டத்தின் 12-ஆம் பிரிவு சொல்கிறது: மத்திய அரசு, மாநில அரசு, நாடாளுமன்றம், சட்டமன்றம், உள்ளாட்சி அமைப்புகள், "மற்ற அதிகார அமைப்புகள்". அனுமந்தன்பட்டிப் பேரூராட்சி உள்ளாட்சி அமைப்பு, ஆகவே அது அரசு. கலெக்டர், தாசில்தார், மின்வாரியம், இவையும் அப்படித்தான். சிக்கல் எல்லாம் அந்த "மற்ற அதிகார அமைப்புகள்" என்ற சொல்லில்தான். கூட்டுறவுச் சங்கம் அதற்குள் வருமா?

பார்வைக்கு வரும் போலத்தான் இருக்கிறது. சங்கத்தில் அரசு சின்னம் போட்ட காலண்டர் தொங்குகிறது. பயிர்க்கடனும் தள்ளுபடியும் அரசு அறிவிப்பில் வருகின்றன. ரேஷன் கடையைச் சங்கம் நடத்துகிறது. கணக்குத் தணிக்கைக்கு அரசு ஆள் வருகிறார். சில காலம் நிர்வாகக் குழுவே இல்லாமல் அரசு அலுவலரே பொறுப்பில் இருக்கிறார். பின்னே கவர்மெண்ட்டு இல்லாமல் என்ன என்று கேட்கத்தான் தோன்றும். எனக்கும் ரொம்ப நாள் அப்படித்தான் எண்ணம்.

நீதிமன்றம் காலண்டரைப் பார்ப்பதில்லை. 1980 நவம்பரில் உச்சநீதிமன்றம் அஜய் ஹாசியா வழக்கில் சில அடையாளங்களைச் சொன்னது. அது காஷ்மீரில் ஸ்ரீநகர் பொறியியல் கல்லூரி பற்றிய வழக்கு. பங்குத் தொகை முழுவதும் அரசுடையதா? செலவு கிட்டத்தட்ட முழுவதையும் அரசு தருகிறதா? அந்தத் தொழிலை இவர் மட்டும்தான் செய்யலாம் என்று அரசு தனியுரிமை கொடுத்திருக்கிறதா? அன்றாட நிர்வாகம் வரை ஆழமாகவும் எங்கும் பரவியும் அரசின் பிடி இருக்கிறதா? செய்கிற வேலை அரசின் வேலையோடு ஒட்டியதா? அரசுத் துறை ஒன்றே அப்படியே இதற்கு மாற்றப்பட்டதா? இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்த்துத்தான் முடிவு சொல்வார்கள். ஒன்று பொருந்தியதும் அரசாகிவிடாது.

நம் ஊர்த் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தை இதில் வைத்துப் பாருங்கள். பங்குத் தொகை யாருடையது? பெரும்பாலும் உறுப்பினர்களாகிய நம்முடையது. நீங்கள் கடன் வாங்கும்போது பங்குத் தொகை என்று பிடித்துக்கொண்டார்களே, அதுதான். தேர்தல் வைத்து நிர்வாகக் குழுவைத் தேர்ந்தெடுப்பதும் நாம்தான். பதிவாளர் மேற்பார்வை பார்ப்பது உண்மை. மேற்பார்வை வேறு, சொந்தம் வேறு. நெல் அறுவடையைக் கங்காணி மேற்பார்த்தால் வயல் அவருடையதாகிவிடுமா?

இதை உச்சநீதிமன்றம் 2013 அக்டோபரில் தெளிவாகவே சொன்னது. அந்த வழக்கு நமக்குத் தூரத்து வழக்கு அல்ல. குமுளி ஏறி இறங்கினால் கேரளா. அங்கே கோட்டயம் மாவட்டத்துத் தலப்பலம் சர்வீஸ் கூட்டுறவு வங்கி தொடுத்தது. எல்லாக் கூட்டுறவுச் சங்கங்களும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்துக்குள் வரும் என்று கேரள அரசு 2006-இல் சுற்றறிக்கை அனுப்பியிருந்தது. சங்கங்கள் எதிர்த்தன. கடைசியில் உச்சநீதிமன்றம், பதிவாளர் சட்டப்படி மேற்பார்வை பார்ப்பதால் மட்டும் சங்கம் அரசு ஆகாது என்றது. அரசின் பெரும் பண உதவியில் நிற்பதாகக் காட்டினால் தவிர, தகவல் சட்டம் சொல்லும் "பொது அதிகார அமைப்பும்" ஆகாது என்றது. அதே தீர்ப்பில் நமக்குப் பயன்படுகிற இன்னொரு சங்கதி இருக்கிறது. கடைசியில் சொல்கிறேன்.

எந்தக் கூட்டுறவு அமைப்பும் அரசாகவே முடியாது என்று இதற்கு அர்த்தம் இல்லை. உத்தரப் பிரதேசத்தின் மாநிலக் கூட்டுறவு நிலவள வங்கியை, அரசின் பிடி அதில் அவ்வளவு இறுக்கமாக இருந்ததால், 1998-இல் உச்சநீதிமன்றம் அரசின் கருவி என்றே சொன்னது. 2006-இல் இமாசலப் பிரதேசத்தின் காங்ரா மத்தியக் கூட்டுறவு வங்கியை அரசு அல்ல என்று சொன்னது. ஒவ்வொரு சங்கத்தையும் தனித்தனியாக நிறுத்துப் பார்க்கிறார்கள்.

நம் தமிழ்நாட்டிலும் இந்தக் குழப்பம் வெகுகாலம் இருந்தது. ஒரு நீதிபதி ரிட் போடலாம் என்பார், இன்னொருவர் கூடாது என்பார். அதைத் தீர்க்க 2006-இல் சென்னை உயர்நீதிமன்றத்தில் ஐந்து நீதிபதிகள் சேர்ந்து உட்கார்ந்தார்கள். நாமக்கல் சரகக் கூட்டுறவுத் துணைப் பதிவாளரை எதிர்த்து வந்த வழக்கு அது. வக்கீல்கள் 'மாரப்பன் வழக்கு' என்பார்கள். வக்கீலிடம் போனால் இந்தப் பெயரைச் சொல்லிப் பாருங்கள், கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவார்.

அந்தத் தீர்ப்பை நம் பேச்சில் சொன்னால் இப்படி வரும். முதலில் அந்தக் குறிப்பிட்ட சங்கம் மேலே சொன்ன அடையாளங்களின்படி அரசா என்று பார். அரசு என்றால் ரிட் போடலாம். அரசு இல்லை என்றால், சங்கம் தன் துணைவிதியை மீறிவிட்டது என்பதற்காக மட்டும் ரிட் கிடையாது. ஏனென்றால் துணைவிதி சட்டம் அல்ல, உறுப்பினர்களும் சங்கமும் தங்களுக்குள் செய்துகொண்ட ஒப்பந்தம் மாதிரி. நம் குழுவில் "கூட்டத்துக்கு வராவிட்டால் ஐந்து ரூபாய் அபராதம்" என்று விதி வைத்திருக்கிறோமே, அதை மீறியதற்கு யாரும் ஹைகோர்ட்டுக்குப் போக முடியாதல்லவா? ஆனால் அரசு இல்லாத சங்கமாகவே இருந்தாலும், ஒரு சட்டம் அதன் மேல் கட்டாயமாகச் சுமத்திய கடமையை, பொதுமக்களுக்கான கடமையை மீறினால், அப்போது ரிட்டுக்கு இடம் உண்டு. 226-ஆம் பிரிவு "எந்த நபருக்கும், எந்த அதிகார அமைப்புக்கும்" என்றுதான் சொல்கிறது. அது 12-ஆம் பிரிவைவிட அகலமான வாசல்.

இன்னொன்றை நன்றாக மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். சங்கம் அரசு இல்லாமல் இருக்கலாம். அதன் மேல் உட்கார்ந்திருக்கும் துணைப் பதிவாளர், இணைப் பதிவாளர் அரசு அதிகாரிகள். அவர்கள் சட்டப்படி போடுகிற உத்தரவை உயர்நீதிமன்றம் பார்க்கலாம். நாம் கொடுத்த மனுவின் மேல் முடிவே எடுக்காமல் உட்கார்ந்திருந்தால், "இத்தனை வாரத்துக்குள் முடிவெடு" என்று கட்டளையும் வாங்கலாம்.

ஆகவே நம்முடைய கேள்வியைக் கொஞ்சம் மாற்றிக்கொள்ள வேண்டும். "சொசைட்டி கவர்மெண்ட்டா?" என்று கேட்பதைவிட, "எனக்கு இந்த அநியாயத்தைச் செய்த கை யாருடையது?" என்று கேட்பது நல்லது.

ரேஷன் கடை உதாரணம் பாருங்கள். கடையை நடத்துவது சங்கமாக இருக்கலாம். உங்கள் அட்டையை நீக்கியது வட்ட வழங்கல் அலுவலர் என்றால் அந்தக் கை அரசின் கை.

தள்ளுபடியும் அப்படித்தான். 2016-இல் தமிழக அரசு, கூட்டுறவுச் சங்கங்களில் சிறு, குறு விவசாயிகள் வாங்கிய பயிர்க்கடனைத் தள்ளுபடி செய்தது. சுமார் 16 லட்சத்து 94 ஆயிரம் விவசாயிகள், 5,780 கோடி ரூபாய். ஐந்து ஏக்கருக்கு மேல் உள்ளவர்களுக்கு இல்லை. விவசாயிகள் சங்கம் ஒன்று மதுரைக் கிளைக்குப் போனது. 2017 ஏப்ரலில் எல்லா விவசாயிகளுக்கும் கொடுக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது. அரசு மேல்முறையீடு போக, உச்சநீதிமன்றம் அதை முதலில் நிறுத்தி வைத்து, 2021 நவம்பர் 23 அன்று ரத்தே செய்துவிட்டது. சிறு, குறு விவசாயிகளுக்கு மட்டும் உதவுவது அரசு எடுத்த கொள்கை முடிவு, அதில் பாகுபாடு இல்லை என்றது. இங்கே கவனிக்க வேண்டியது, இரண்டு நீதிமன்றமும் வழக்கைக் கேட்டன. ஏனென்றால் எதிரில் நின்றது அரசாணை. கேட்டதால் ஜெயிப்போம் என்றும் இல்லை. 2021-இல் அறிவித்த ஐந்து பவுன் வரையிலான நகைக்கடன் தள்ளுபடியில் பெயர் விட்டுப்போனவர்களும் இதே கண்ணோடுதான் பார்க்க வேண்டும். விதி அரசுடையது, நகையை வைத்திருந்தது சங்கம்.

மஞ்சள் பை அக்காவின் விஷயத்துக்கு வருவோம். அவருடைய நகையைத் தராமல் வைத்திருப்பது யார் கை? சங்கத்தின் கை. எந்த அரசாணையும் அதற்குக் காட்டவில்லை. எழுத்தில் ஒன்றுமே தரவில்லை, எல்லாம் வாய்ப்பேச்சு. இந்த நிலையில் நேராக ரிட் போட்டால், "சங்கம் அரசு அல்ல, உனக்கு வேறு வழி இருக்கிறது, அங்கே போ" என்ற பதில் வரத்தான் வாய்ப்பு அதிகம். எட்டாயிரம் கேட்டவர் இதைச் சொல்லவில்லை. தெரியாமலும் இருந்திருக்கலாம்.

அந்த வேறு வழிகள் எவை?

ஒன்று, தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 1983. அதன் 90-ஆம் பிரிவில், சங்கத்தின் தொழில், நிர்வாகம் சம்பந்தமாக உறுப்பினருக்கும் சங்கத்துக்கும் வருகிற தகராறைப் பதிவாளர் முன் வைக்கலாம். நம் அளவில் துணைப் பதிவாளர் அலுவலகம். அவர் கொடுக்கும் முடிவின் மேல் மேல்முறையீடு உண்டு. அதற்குக் காலக்கெடுவும் உண்டு. அதனால் உத்தரவு கையில் கிடைத்த தேதியை அந்தக் காகிதத்திலேயே எழுதி வையுங்கள். ஒருவர் தகராறாக இல்லாமல் சங்கத்தின் கணக்கிலேயே ஓட்டை என்றால் 81-ஆம் பிரிவு விசாரணை. மூன்றில் ஒரு பங்கு உறுப்பினர்கள் கையெழுத்துப் போட்டுக் கேட்டால் பதிவாளர் விசாரிக்க வேண்டும். கலெக்டர் கேட்டாலும் விசாரணை உண்டு. மூன்றில் ஒரு பங்கு என்பது பெரிய எண்ணிக்கைதான். ஆனால் ஒரு ஊரில் இருபது குழு இருந்தால் எத்தனை உறுப்பினர் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள்.

இரண்டாவது வழி எனக்கு அதிகம் பிடித்தது. நுகர்வோர் ஆணையம். 90-ஆம் பிரிவு இருக்கும்போது அங்கே போக முடியாது என்றுதான் சங்கங்கள் வாதாடின. தமிழ்நாட்டுத் திருமுருகன் கூட்டுறவு வேளாண்மைக் கடன் சங்கத்தின் வழக்கு அது. உறுப்பினர்கள் நெல் மூட்டைகளை அடமானம் வைத்துக் கடன் வாங்கியிருந்தார்கள். "கடனை வாங்கிக்கொண்டு நெல்லைக் கொடு, இல்லாவிட்டால் நெல்லின் விலையைக் கொடு" என்று நுகர்வோர் மன்றத்தில் கேட்டார்கள். உச்சநீதிமன்றம் வரை போனது. 2003 டிசம்பரில் தீர்ப்பு. கூட்டுறவுச் சட்டத்தில் ஒரு வழி இருப்பதால் நுகர்வோர் மன்றத்தின் கதவு மூடிவிடாது, உறுப்பினரும் நுகர்வோர்தான் என்று சொன்னது. அடமானம் வைத்த நெல்லுக்குச் சொன்னது அடமானம் வைத்த நகைக்குப் பொருந்தாமல் போகுமா?

இப்போது 2019-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் நடப்பில் இருக்கிறது. தேனியிலேயே மாவட்ட ஆணையம் உண்டு. நாம் பெற்ற சேவைக்குக் கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய்க்குள் என்றால் மனுக் கட்டணம் இல்லை. குறை ஏற்பட்ட நாளில் இருந்து 2 வருடத்துக்குள் போட வேண்டும்.

வக்கீல் வைக்கக் காசில்லை என்ற கவலையும் வேண்டாம். 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டப்படி பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவச சட்ட உதவி உண்டு. பணக்காரப் பெண்ணுக்கும் உண்டு, நமக்கு இல்லாமல் போகுமா? உத்தமபாளையம் நீதிமன்றத்தில் வட்ட சட்டப் பணிகள் குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம்.

இதைப் படிக்கும்போது ஒரு சகோதரி, "அப்ப நம்ம கூட்டமைப்பு? அது அரசா?" என்று கேட்கக்கூடும். போன வருடம் ஒரு ஊரில் கடன் பங்கீட்டில் சண்டை வந்து, "கூட்டமைப்பு மேல ரிட் போடுவேன்" என்று ஒருவர் மிரட்டியது நினைவுக்கு வருகிறது. அரசுத் திட்டப் பணம் வருவதால் மட்டும் கூட்டமைப்பும் அரசாகாது. ஆனால் திட்டப் பணத்தைப் பங்கிட்டதில் தவறு என்றால் மகளிர் திட்ட அலுவலகத்தில் மனுக் கொடுக்கலாம். அது அரசு அலுவலகம். நம் கணக்கு நோட்டையும் எந்த உறுப்பினர் கேட்டாலும் காட்ட வேண்டும். இதை எழுதுகிற எனக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

சரி, தலப்பலம் தீர்ப்பில் மிச்சம் வைத்த சங்கதி. சங்கம் தகவல் சட்டத்துக்குள் வராவிட்டாலும் பதிவாளர் வருவார். சட்டப்படி சங்கத்திடம் எந்தத் தகவலை அவர் கேட்டு வாங்க முடியுமோ, அதை வாங்கி நமக்குத் தரும் கடமை அவருக்கு உண்டு என்று அதே தீர்ப்பு சொல்கிறது. அடுத்தவர் சொந்தக் கணக்கு விவரம் கிடைக்காது. நம்முடையது கிடைக்க வேண்டும். "ஏன் தரவில்லை?" என்று கேட்காதீர்கள். ஏன் என்ற கேள்விக்குப் பதில் சொல்ல அந்தச் சட்டத்தில் கட்டாயம் இல்லை. காகிதத்தின் நகலைக் கேளுங்கள்.

அன்று கூட்டத்திலேயே எட்டாயிரம் கடன் கேட்பதை நிறுத்திவிட்டு, குழுவின் ஊக்குநர் எழுத, அந்த அக்காவுக்காக இரண்டு மனு தயாரித்தோம். ஒன்று சங்கத்தின் செயலாளருக்கு, ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில்: கடன் கட்டிய தேதி, ரசீது எண், நகையின் எடை, பதினைந்து நாளுக்குள் நகையைத் தர வேண்டும், மறுத்தால் எந்த விதிப்படி என்று எழுத்தில் தர வேண்டும். இன்னொன்று துணைப் பதிவாளர் அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு. அதன் வாசகம் இது. வேண்டியவர்கள் தங்கள் விவரத்தைப் போட்டு எழுதிக்கொள்ளலாம்.

"ஐயா / அம்மா, தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005, பிரிவு 6(1)-இன் கீழ்க் கீழ்க்கண்ட தகவல்களைக் கேட்கிறேன். நான் ________ தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தின் உறுப்பினர். உறுப்பினர் எண் ______. என்னுடைய நகைக்கடன் எண் ______. இந்தக் கடன் சம்பந்தமான பேரேட்டுப் பக்கத்தின் நகல் தேவை. கட்டி முடித்த நகைக்கடனுக்குரிய நகையை, குடும்பத்தில் வேறொருவர் பெயரில் உள்ள கடனுக்காக நிறுத்தி வைக்க அனுமதிக்கும் சுற்றறிக்கை, துணைவிதி அல்லது உத்தரவு ஏதேனும் இருந்தால் அதன் நகல் தேவை. என் கையெழுத்துள்ள கடன் பத்திரத்தின் நகல் தேவை. கட்டணம் 10 ரூபாய்க்கு நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டியுள்ளேன்."

முப்பது நாளில் பதில் வர வேண்டும். வறுமைக் கோட்டுப் பட்டியலில் உள்ளவர்களுக்கு அந்தப் பத்து ரூபாயும் வேண்டாம், சான்றின் நகலை இணைத்தால் போதும்.

சங்கத்திடமிருந்து முதல் முறையாக எழுத்தில் ஒரு பதில் வந்திருக்கிறது. நான்கு வரி. "பரிசீலனையில் உள்ளது" என்று. நகை இன்னும் வரவில்லை. அந்த நான்கு வரியையும் ரசீதுகளையும் ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு, வருகிற வாரம் அக்காவும் குழுப் பிரதிநிதியும் உத்தமபாளையம் சட்டப் பணிகள் குழுவுக்குப் போகிறார்கள். வேறு ஊரில் இதே போல நகை நிற்கிறவர்கள் இருந்தால், கட்டி முடித்த ரசீதின் நகலோடு அடுத்த கூட்டமைப்புக் கூட்டத்துக்கு வாருங்கள். மூலத்தை வீட்டிலேயே வைத்துவிட்டு வாருங்கள்.